தாய் அல்லது தந்தை

மார்ச் 11, திங்கள்

தென்காசியில் கண்டக்டர் குருசாமிக்குப் பிரிவு உபசார விழா. நான் ஓய்வு பெற்று மூன்று வருஷம் ஆகிறது. "செக்கிங் இன்ஸ்பெக்டர் கோமதிநாயகம் சார், நீங்க வராம விழாவா?" என்று வீடு தேடி வந்து அழைத்திருந்தான். என்னிடம் இரண்டு தடவை மாட்டியவன் அவன். மேடையில் என்னைப் பற்றி நல்லபடியாகத்தான் பேசினான். எதற்கென்று யோசித்துக்கொண்டே பஸ் ஏறினேன்.

வீடு வந்தபோது மணி எட்டரை. மகன் மகாராஜன் ஈரத் தலையோடு டிவி முன்னால் உட்கார்ந்திருந்தான். இருபத்தேழு வயசில் சாயங்காலம் குளிக்கும் பழக்கம் புதிதாக வந்திருக்கிறது. வெயில் காலம்தானே, குளிக்கட்டும். பின்னால் கொடியில் அவனுடைய நீலக் கட்டம் போட்ட சட்டை சொட்டிக்கொண்டிருந்தது. என் மனைவி ஆவுடை சோறு போட்டாள், குழம்பு ஊற்ற மறந்துவிட்டாள். முகம் சரியில்லை. காலையில் கேட்க வேண்டும்.

மார்ச் 12, செவ்வாய்

கேட்க நேரம் கிடைக்கவில்லை. விடிந்ததும் போலீஸ் ஜீப் வந்துவிட்டது.

நேற்று சாயங்காலம் ஏழு மணி போல வாய்க்கால் கரையில் பொன்ராஜை யாரோ வெட்டிப் போட்டிருக்கிறார்கள். ஆஸ்பத்திரிக்குப் போகிற வழியிலேயே உயிர் போய்விட்டது. தை மாசம் கோயில் கொடைத் திருவிழாவில் மகாராஜன் கையிலிருந்து மைக்கைப் பிடுங்கி, ஊர் முன்னால் கன்னத்தில் அறைந்தவன் இந்தப் பொன்ராஜ். அதனால் ஊரே என் மகன் பேரைச் சொல்லியிருக்கிறது. அறை வாங்கியவன் எல்லாம் அரிவாளை எடுத்தால் இந்த ஜில்லாவில் ஆள் மிஞ்சாது.

இன்ஸ்பெக்டர் என்னைத் தனியாகக் கூப்பிட்டு, "நேத்து சாயங்காலம் பையன் எங்க இருந்தான்?" என்று கேட்டார்.

"வீட்டுலதான் சார். ஆறு மணியில இருந்து என் கண்ணு முன்னாடிதான் இருந்தான்" என்றேன்.

சொல்லிவிட்டுத் திரும்பினேன். அடுக்களை வாசலில் நின்ற ஆவுடை உள்ளே போய்விட்டாள். மகனையும் கொடியில் கிடந்த சட்டையையும் கொண்டுபோனார்கள். துவைத்த சட்டை எதற்கு என்று கேட்டேன். அதை ஒரு கவரில் போட்டுக் கட்டினார்கள்.

மார்ச் 13, புதன்

ரிமாண்ட். பாளையங்கோட்டை ஜெயில். ஆவுடை இன்று சமைக்கவில்லை.

மார்ச் 16, சனி

வக்கீல் ஜெரால்டைப் பார்த்தேன். ஐம்பது வயசு இருக்கும். சட்டைப்பையில் நாலு பேனா வைத்திருப்பவரை நம்பலாமா என்று தெரியவில்லை.

கொலை வழக்கில் மாஜிஸ்திரேட்டிடம் ஜாமீன் கிடைக்காதாம், மாவட்ட கோர்ட்டில் மனுப் போட வேண்டுமாம். "சார், ஒண்ணு புரிஞ்சுக்கிடுங்க. உங்க பையன் செஞ்சானா செய்யலியான்னு ஜட்ஜ் இப்பப் பாக்க மாட்டார். அது பின்னால விசாரணையில. இப்பப் பாக்குறது வேற. குத்தம் எவ்வளவு பெருசு, ஆதாரம் என்ன தெரியுது, வெளிய விட்டா ஓடிருவானா, சாட்சியக் கலைப்பானா, திரும்ப எதுவும் செஞ்சிருவானா. அவ்வளவுதான். முதல் மனு அநேகமா தள்ளுபடி ஆயிரும். ஆனாலும் போடணும்."

தள்ளுபடி ஆகும் என்று தெரிந்தே மனுப் போடுகிறவர் யார் பக்கம்? கீழே இறங்கி டீ குடித்துவிட்டுத் திரும்பினால், கோர்ட் கேண்டீனில் அரசு வக்கீலும் இவரும் ஒரே தட்டில் வடை தின்றுகொண்டிருந்தார்கள். குறித்து வைத்துக்கொள்கிறேன்.

ஒன்று மட்டும் உண்மை. அவன் செய்தானா என்று யாரும் இப்போது கேட்கப்போவதில்லை என்று அவர் சொன்னபோது எனக்கு மூச்சு ஒழுங்காக வந்தது. ஏன் என்று தெரியவில்லை.

"அன்னைக்கு நீங்க வீட்ல இருந்தீங்களா சார்?" என்றும் கேட்டார். இருந்தேன் என்றேன். எத்தனை மணியிலிருந்து என்றார். ஆறு என்றேன். அதை அவர் எழுதிக்கொள்ளவில்லை, பேனாவை மூடிப் பையில் செருகிவிட்டார்.

மார்ச் 21, வியாழன்

ஆவுடை கண் ஆஸ்பத்திரிக்குப் போய் வந்தாள். காலை ஒன்பதுக்குப் போனவள் மூன்று மணிக்குத்தான் வந்தாள். சொட்டு மருந்து எங்கே என்று கேட்டேன், எழுதிக் கொடுக்கவில்லை என்றாள். இந்தக் காலத்து ஆஸ்பத்திரியில் மருந்து எழுதாத டாக்டரா, அதிசயம்தான்.

பக்கத்து வீட்டில் இட்லி மாவு அரைத்து விற்கிற செண்பகம் இன்று கடையைத் திறக்கவில்லை. அவள் கடையைப் பூட்டி நான் பார்த்ததே இல்லை. அவள் அடுக்களை ஜன்னல் எங்கள் கொல்லையைப் பார்த்தபடி இருக்கிறது. இதையும் குறித்து வைக்கிறேன்.

மார்ச் 26, செவ்வாய்

முதல் மனு இன்று வாதத்துக்கு வந்தது. கோர்ட் வராண்டாவில் பொன்ராஜின் அம்மா மஞ்சப்பையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். நான் அந்தப் பக்கம் போகவில்லை.

உள்ளே எல்லாம் ஐந்து நிமிஷம்தான். அரசு வக்கீல் எழுந்து புலன் விசாரணை முடியவில்லை என்றார். பிறகு, "சம்பவம் நடந்த அன்று மனுதாரர் வீட்டுக் கொல்லையில் ரத்தக் கறை படிந்த சட்டை துவைக்கப்பட்டதற்கு நேரடிச் சாட்சி இருக்கிறார். அந்தச் சாட்சி மிக அருகில் வசிப்பவர். மனுதாரர் வெளியே வந்தால் சாட்சியைக் கலைத்துவிடுவார்" என்றார். ஜட்ஜ் ஐயா கண்ணாடியைக் கழற்றிவிட்டுக் குறித்துக்கொண்டார்.

மிக அருகில். நான் முப்பத்திரண்டு வருஷம் பஸ்ஸில் ஏறி ஏறி இறங்கியவன். டிக்கெட் எடுக்காதவன் என்னைப் பார்த்ததும் ஜன்னலுக்கு வெளியே பார்ப்பான். முகத்தைத் திருப்புகிறவர் யார் என்று பார்த்தால் போதும்.

மார்ச் 28, வியாழன்

தள்ளுபடி.

ஏப்ரல் 2, செவ்வாய்

அருகில் இருப்பவர்கள் பட்டியல் போட்டேன். இடது பக்க வீட்டில் பூட்டு, அவர்கள் சென்னையில். எதிர் வீட்டு வாத்தியாருக்குக் கொல்லை தெரியாது. பால்காரர் காலையில்தான் வருவார். மிச்சம் செண்பகம்.

இன்று மாவு வாங்கும் சாக்கில் போய் அவள் முகத்தைப் பார்த்தேன். அவள் தராசையே பார்த்துக்கொண்டு நின்றாள். "எப்படி இருக்கீங்க அண்ணாச்சி" என்று கூடக் கேட்கவில்லை. மாவு வேண்டாம் என்று திரும்பிவிட்டேன். சாயங்காலம் கடைக்குப் போய்ப் பச்சை வலை வாங்கிவந்து காம்பவுண்டுச் சுவர் மேல் ஆள் உயரத்துக்குக் கட்டினேன். இனி அந்த ஜன்னலிலிருந்து எதுவும் தெரியாது.

"இது எதுக்கு?" என்றாள் ஆவுடை.

"காக்கா வருது."

"எத்தன வருசமா வருது."

ஆவுடை இப்போதெல்லாம் என் முகத்தைப் பார்த்துப் பேசுவதில்லை. பிள்ளையை ஜெயிலில் விட்டவளுக்கு வருத்தம் இருக்காதா.

ஏப்ரல் 9, செவ்வாய்

ஜெயிலில் மகனைப் பார்த்தேன். கம்பி வலைக்கு அந்தப் பக்கம் அவன், இந்தப் பக்கம் நான். நாலு பக்கமும் சத்தம். சோறு எப்படி, கொசு இருக்கா, துணி வேண்டுமா என்று கேட்டேன். வேறு எதுவும் கேட்கவில்லை. கேட்க அங்கே வசதியும் இல்லை.

அவன்தான் கேட்டான். "எப்பா, அந்தச் சாட்சி யாருன்னு தெரிஞ்சுதா?"

"செண்பகமா இருக்கும்னு நினைக்கேன்."

"மாவுக்காரியா? சரி. வெளிய வந்ததும் நான் பாத்துக்கிடுதேன்."

கோபத்தில் எல்லாரும் இப்படிச் சொல்வதுதான். ஆனாலும் அவன் கோபமாகச் சொல்லவில்லை. அம்மாவைப் பார்க்க வேண்டும் போல இருக்கிறதா என்று கேட்டேன். அதற்குள் நேரம் முடிந்துவிட்டது என்று ஜெயில் வார்டர் விரட்டினார்.

ஏப்ரல் 13, சனி

செண்பகம் வீட்டு வாசலில் இரண்டு பேர் பைக்கை நிறுத்திவிட்டு ஒரு மணி நேரம் உட்கார்ந்திருந்தார்கள். மாவு வாங்கவில்லை, எதுவும் பேசவில்லை. உட்கார்ந்துவிட்டுப் போனார்கள். ஒருத்தன் மகாராஜனோடு லோடு ஆட்டோ ஓட்டுகிறவன். இதற்கும் எனக்கும் சம்பந்தம் இல்லை. ஜெயிலில் நாலு பேர் பார்க்க வருகிறார்கள், யார் என்ன சொன்னார்களோ.

ஏப்ரல் 14, ஞாயிறு

சித்திரை ஒன்று. பாயசம் இல்லை. செண்பகம் இன்று கடை திறக்கவில்லை.

ஏப்ரல் 19, வெள்ளி

ஓட்டுப் போட்டேன். வரிசையில் எனக்கு முன்னால் நின்றவர்கள் எல்லாரும் திரும்பிப் பார்த்துவிட்டு மறுபடி முன்னால் பார்த்தார்கள். வாக்குச்சாவடி வாசலில் பந்தோபஸ்துக்கு நின்றது நம் இன்ஸ்பெக்டர்தான். "தென்காசிப் பக்கம் போறதுண்டா சார் இப்பல்லாம்?" என்று கேட்டார். சும்மா கேட்டது மாதிரிதான் இருந்தது. இல்லை என்றேன்.

ஏப்ரல் 24, புதன்

இன்று நேராகவே கேட்டுவிட்டேன். செண்பகம் தண்ணீர் பிடித்துக்கொண்டிருந்தாள்.

"ஏ செண்பகம், போலீஸ்ல என்ன சொன்ன?"

குடத்தை இறக்கி வைத்தாள். "நான் ஒண்ணும் பாக்கல அண்ணாச்சி. பாத்திருந்தா முதல்ல உங்ககிட்டதான் வந்து சொல்லிருப்பேன். பத்து நாளா வாசல்ல ஆளு வந்து உக்காருது. தனியா இருக்கப்பட்டவ நான். உங்க மகன்கிட்ட சொல்லுங்க, நான் இல்லன்னு."

"நீ இல்லன்னா பின்ன யாரு?"

அவள் என் தோளைத் தாண்டி எங்கள் வீட்டைப் பார்த்தாள். பிறகு குடத்தைத் தூக்கிக்கொண்டு போய்விட்டாள். திரும்பிப் பார்த்தால் அடுக்களையில் ஆவுடை நிற்கிறாள். சாயங்காலம் அவள் செண்பகம் வீட்டுக்குப் போய் ரொம்ப நேரம் உட்கார்ந்துவிட்டு வந்தாள். கண் சிவந்திருந்தது. இரண்டு பொம்பளைகளுக்குள் என்ன ரகசியம்?

மே 6, திங்கள்

கோர்ட்டுக்குக் கோடை விடுமுறை. ஜூனில் இரண்டாவது மனுப் போடலாம் என்கிறார் ஜெரால்டு. வெயில் தாங்கவில்லை. மோட்டார் ரிப்பேர். பச்சை வலை ஒரு பக்கம் கிழிந்து தொங்குகிறது.

மே 17, வெள்ளி

காலையில் வலையை யாரோ அவிழ்த்து மடித்து மாடிப்படிக்குக் கீழே வைத்திருந்தார்கள். ஆவுடையிடம் கேட்டேன். "நான்தான். வீடு இருட்டிக் கிடக்கு" என்றாள்.

ஜூன் 5, புதன்

போலீஸ் போன வாரம் குற்றப்பத்திரிகை தாக்கல் செய்துவிட்டது. ஜெரால்டு நகல் வாங்கிவிட்டு என்னைக் கூப்பிட்டார். நல்ல சந்தோஷமாக இருந்தார். அந்தச் சந்தோஷமே எனக்குப் பிடிக்கவில்லை.

"சார், கேஸே இப்பத்தான் நமக்குச் சாதகமா திரும்பியிருக்கு. சட்டை துவைச்சதுக்குச் சாட்சி யாருன்னு பாருங்க." பக்கத்தைத் திருப்பி விரலை வைத்தார்.

நான்காவது சாட்சி. ஆவுடையம்மாள், கணவர் பெயர் கோமதிநாயகம்.

மார்ச் 21ஆம் தேதி மாஜிஸ்திரேட் முன்னால் வாக்குமூலம். கண் ஆஸ்பத்திரி.

பஸ்ஸில் நம் ஊழியர் குடும்பத்துப் பாஸ் என்று நீட்டினால் வாங்கிப் பார்க்காமல் தலையாட்டிவிட்டு அடுத்த சீட்டுக்குப் போவது எங்கள் வழக்கம். இரண்டு மாசமாக நான் என் வீட்டை விட்டுவிட்டு ஊரெல்லாம் செக்கிங் பண்ணியிருக்கிறேன்.

ஜெரால்டு பேசிக்கொண்டே போனார். "எந்த அம்மாவும் கூண்டுல ஏறி மகனுக்கு எதிரா நிக்க மாட்டா. பிறழ் சாட்சியாயிருவாங்க. ஜாமீன் நிச்சயம் கிடைக்கும்." பிறகு குரலைத் தணித்தார். "இன்னொண்ணு. நீங்க வீட்ல இருந்ததா சொன்னதை இன்ஸ்பெக்டர் சேர்க்கவே இல்லை. தென்காசி விழா போட்டோ அவர் கையில இருக்கு. மேடையில முதல் வரிசையில நீங்க. நானும் அப்பவே யோசிச்சேன் சார்."

எழுந்து வந்தேன். வாழ்க்கையில் முதல் தடவையாக டிக்கெட் இல்லாமல் மாட்டியிருக்கிறேன். வெட்கமாக இருக்கிறது. கோபமும் இருக்கிறது, யார் மேல் என்று எழுத வரவில்லை.

ஜூன் 6, வியாழன்

பேசவில்லை.

ஜூன் 7, வெள்ளி

பேசவில்லை. அவள் போட்ட சோற்றைச் சாப்பிட்டேன்.

ஜூன் 8, சனி

இன்று அவளே வந்து எதிரில் உட்கார்ந்தாள். "பேப்பர் வந்துட்டுல்லா" என்றாள்.

"ஏன் அப்படிச் சொன்ன?"

"கேட்டாவ. சொன்னேன்."

"பெத்த பிள்ளைய..."

"நான்தான் துவைச்சேன். அது எழுதியிருக்கா அதுல? அவன் இல்ல, நான். ஆட்டோ ஒருத்தன் மேல இடிச்சிட்டு, தூக்கிவிட்டேன், ரத்தம் ஒட்டிட்டுன்னு சொன்னான். நம்பித்தான் துவைச்சேன். மறுநாள் போலீஸ் வந்து சொல்லும்போது கையில சோப்பு வாசம் அப்படியே இருக்கு. அந்தப் பொம்பள, பொன்ராஜுக்கு அம்மா, அவ மகன் ரத்தத்த நான் ரெண்டு தண்ணில அலசி ஊத்திருக்கேன்."

அவள் அழவில்லை.

"போலீஸு கூப்பிட்டு இந்தத் தேதிக்கு வரணும்னாவ. தனியாப் போகப் பயமா இருந்திச்சி. செண்பகந்தான் கூட வந்தா. உங்ககிட்ட சொன்னா நீங்க போக விட்டிருக்க மாட்டீங்க. நீங்க எட்டரைக்கு வந்துட்டு ஆறு மணின்னு சொன்ன ஆளு."

எழுந்து போய்த் தண்ணீர் குடித்துவிட்டு வந்து உட்கார்ந்தேன்.

"அவனுக்கு ஜாமீன் கிடைச்சிருமா?" என்று கேட்டாள்.

"கிடைக்கும்னு சொல்லுதார். நீ அவனுக்கு அம்மாங்கிறதால, உன்னை அவன் மிரட்ட மாட்டான்னு."

"மிரட்டவா?" என்றாள். சிரித்த மாதிரி இருந்தது. "அவன் எதுக்கு என்ன மிரட்டணும்? ரெண்டு நாள் என் கையால உக்காந்து சாப்பிட்டா போதும். எம்மான்னு ஒரு வாட்டி கூப்பிட்டா போதும். நான் ஒண்ணும் பாக்கலன்னு கூண்டுல ஏறிச் சொல்லிருவேன். எனக்கு என்னைத் தெரியும். என் சாட்சி முடியட்டும். அது வரைக்கும் அவன் இங்க வர வேண்டாம். அப்புறம் ஆயுசுக்கும் அவனுக்குச் சோறு கொண்டுபோறேன், எங்க இருந்தாலும்."

"வேற ஊர்ல ரூம் எடுத்து இருக்கச் சொல்லலாம்."

"ஃபோன் இருக்குல்லா."

இந்தப் பெண்ணோடு முப்பது வருஷம் இருந்திருக்கிறேன். இவளை எனக்குத் தெரியும் என்றுதான் நினைத்துக்கொண்டிருந்தேன்.

ஜூன் 12, புதன்

மனு வாதத்துக்கு வந்தது. அரசு வக்கீல் பழைய பாட்டையே பாடினார். கொடுங்குற்றம், சாட்சியைக் கலைப்பார். ஜட்ஜ் ஐயா கேட்டார், "எந்தச் சாட்சியை?"

ஜெரால்டு எழுந்தார். "ஐயா, அவர்கள் சொல்லும் முக்கிய சாட்சி மனுதாரரைப் பெற்ற தாய். ஒரு மகன் தன் தாயை மிரட்டுவான் என்று அரசுத் தரப்பு பயப்படத் தேவையில்லை. குற்றப்பத்திரிகை தாக்கலாகிவிட்டது. சட்டை, ஆயுதம் எல்லாம் கைப்பற்றியாகிவிட்டது. மனுதாரர் சொந்த வீட்டில் பெற்றோருடன் இருப்பவர், எங்கும் ஓடிப்போக மாட்டார். முன் வழக்கு எதுவும் இல்லை."

எல்லாமே சரியாகத்தான் இருந்தது. ஒரு வார்த்தை கூடப் பொய் இல்லை. ஜட்ஜ் ஐயா மேல் எனக்கு எந்தச் சந்தேகமும் இல்லை, அவர் கையில் இருந்த காகிதத்தைப் பார்த்து யாரும் அப்படித்தான் முடிவு செய்வார்கள். எங்கள் வீட்டு அடுக்களை அந்தக் காகிதத்தில் இல்லை.

ஜூன் 14, வெள்ளி

ஜாமீன் கிடைத்துவிட்டது. இரண்டு பேர் ஜாமீன் நிற்க வேண்டும். அவர்களில் ஒருவர் தாய் அல்லது தந்தையாக இருக்க வேண்டும். தினமும் காலை பத்தரைக்கு ஸ்டேஷனில் கையெழுத்துப் போட வேண்டும். சாட்சிகளைக் கலைக்கக் கூடாது.

வராண்டாவில் பொன்ராஜின் அம்மா ஒரு பெண் போலீஸிடம், "முடிஞ்சிட்டாம்மா?" என்று கேட்டுக்கொண்டிருந்தாள். ஜாமீன் கொடுத்துவிட்டார்கள் என்றார் அந்தப் பெண்.

"அப்ப அவன் செய்யலன்னு சொல்லிட்டாவளா?"

அப்படி இல்லை, இது வேறு, அது விசாரணையில்தான் பார்ப்பார்கள் என்று ஜெரால்டு எனக்குச் சொன்னதை நான் அவளுக்குச் சொல்லியிருக்கலாம். சொல்லும் யோக்கியதை எனக்கு இருந்ததா? தலையைக் குனிந்துகொண்டு படி இறங்கினேன். அவள் என்னைப் பார்த்தாள். அவள் முகத்தைத் திருப்பவில்லை.

ஜூன் 16, ஞாயிறு

ஆதார், ரேஷன் கார்டு, வீட்டு வரி ரசீது, போட்டோ இரண்டு. எல்லாம் ஜெராக்ஸ் எடுத்து வைத்தாயிற்று. இன்னொரு ஜாமீன்தாரராக மச்சினன் வருகிறான். ஆவுடை மாவு வாங்கப் போனாள். எத்தனை நாள் கழித்துச் செண்பகம் கடையைத் திறந்திருக்கிறாள், நாளை மறுநாள் யார் வருவார்கள் என்று அவளுக்குத் தெரியாது.

ஜூன் 18, செவ்வாய்

நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன்.

மாஜிஸ்திரேட் கோர்ட். மாஜிஸ்திரேட் அம்மையாருக்கு முப்பது வயசுக்கு மேல் இருக்காது. மச்சினனிடம் இரண்டு கேள்வி கேட்டு அனுப்பிவிட்டார். அடுத்து என் பெயரைக் கூப்பிட்டார்கள். என் காகிதங்களை ஒவ்வொன்றாகப் பார்த்தார்.

"எதிரி மகாராஜன் உங்களுக்கு என்ன வேணும்?"

"மகன்."

"எங்க தங்குவார்?"

"எங்க வீட்டுலதான்."

"கோர்ட் கூப்பிடும்போது ஆஜர்படுத்தணும். கண்டிஷன மீறினா நீங்க பொறுப்பு. யாரும் கட்டாயப்படுத்தி வரலியே? மனசார ஜாமீன் நிக்கிறீங்களா?"

எல்லாரிடமும் கேட்கிற கேள்விதான். பதிலைக் கூடக் கேட்காமல் பேனாவைக் கையெழுத்துக்குக் கொண்டுபோய்விட்டார். ஆனால் இந்த மூன்று மாசத்தில் என் மனசு என்ன என்று என்னிடம் கேட்டவர் அவர் ஒருவர்தான்.

"இல்லம்மா" என்றேன்.

பேனா நின்றது. "என்ன இல்ல?"

"நிக்கல."

ஜெரால்டு என் கையைப் பிடித்து இழுத்தார். அம்மையார் என்னைக் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டுக் காகிதங்களைத் திருப்பிக் கொடுத்தார்.

வெளியே வந்ததும் ஜெரால்டுக்கு வந்ததே கோபம். "உள்ள இருந்தா கேஸ் சீக்கிரம் விசாரணைக்கு வரும், உங்க மனைவி சாட்சி ஆறு மாசத்துல முடிஞ்சிரும், அதானே உங்க கணக்கு? நானும் யோசிச்சுப் பாத்துட்டேன் சார். ஆனா என் கட்சிக்காரன் உங்க மகன். நீங்க இல்ல. ஜாமீன் கண்டிஷன மாத்தச் சொல்லி மனுப் போடச் சொன்னான்னா நான் போட்டே தீரணும்."

"போடுங்க சார். நீங்க நல்ல வக்கீல்" என்றேன். அதை நான் மார்ச்சிலேயே சொல்லியிருக்க வேண்டும்.

வீட்டில் ஆவுடை மூன்று பேருக்குச் சமைத்து வைத்திருந்தாள். வாசலில் என் பின்னால் பார்த்தாள். அவன் இல்லை என்றதும் தூணைப் பிடித்துக்கொண்டு அப்படியே உட்கார்ந்தாள். வர வேண்டாம் என்று சொன்னவளும் இவள்தான், மூன்று பேருக்கு உலை வைத்தவளும் இவள்தான். பக்கத்தில் உட்கார்ந்தேன். அவள் அழுது முடிக்க ரொம்ப நேரம் ஆயிற்று.

ஜூன் 21, வெள்ளி

ஜெயிலுக்குப் போனேன். போகாமல் இருக்க முடியவில்லை.

மகாராஜன் மெலிந்திருந்தான். கம்பி வலையைப் பிடித்துக்கொண்டு, "ஏம்ப்பா கையெழுத்துப் போடல?" என்றான்.

"போடல."

"அம்மா சொன்னாளா?"

"இல்ல. நானாத்தான்."

நம்பினானா என்று அவன் முகத்தைப் பார்த்தேன். எத்தனை ஆயிரம் முகம் பார்த்தவன் நான், என் மகன் முகத்தில் எனக்கு ஒன்றும் தெரியவில்லை. கெட்ட வார்த்தை சொல்வான், கத்துவான் என்று நினைத்தேன். அவன் கத்தவில்லை. குற்றப்பத்திரிகையெல்லாம் படித்துவிட்டேன் என்றான். வலையில் முகத்தை வைத்து, சின்ன வயசில் காய்ச்சல் வந்தால் பேசுகிற குரலில் பேசினான்.

"எப்பா, அம்மாவ ஒரே ஒரு தடவ வரச் சொல்லுங்க. நான் ஒண்ணும் கேக்க மாட்டேன். சும்மா பாக்கணும். நான் பாக்கணும்னு சொன்னேன்னு மட்டும் சொல்லுங்க."

நேரம் முடிந்துவிட்டது.

வரும் வழி முழுக்க பஸ்ஸில் நின்றுகொண்டே வந்தேன், உட்கார இடம் இருந்தும். வீட்டுக்குள் நுழைந்ததும் ஆவுடை தண்ணீர்ச் சொம்போடு வந்தாள். சொம்பைக் கொடுக்கும் முன்னாலேயே கேட்டாள்.

"எம் பிள்ள என்ன சொன்னான்?"

"சோறு பரவாயில்லைன்னு சொன்னான்" என்றேன்.